காலப் பிளவுக்கு இடம் பார்க்கப் போனேன்

வியாழன், வாலாஜா ரோடு

எழுதிக்கொண்டிருக்கும் தொடருக்கு ஒரு காலப் பிளவு தேவைப்படுகிறது. பாறையில் ஆள் நுழையும் அளவு ஒரு வெடிப்பு. இந்தப் பக்கம் நின்றால் இன்றைய மதியம். அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தால் நேற்றைய நள்ளிரவு. இப்படி ஒன்று உலகத்தில் எங்கும் கிடையாது, நான் கட்டிவிடுவதுதான். ஆனால் கட்டிவிடும் பொய்க்கும் ஓர் ஊர் வேண்டும், பாறை வேண்டும், காற்று எந்தப் பக்கம் அடிக்கும் என்று தெரிய வேண்டும். வட ஆற்காட்டில் வைப்பது என்று முடிவு செய்தேன். காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. தை மாதம், வெயில் இன்னும் ஏறவில்லை, சத்துவாச்சாரியில் அத்தை வீடு இருக்கிறது.

வேலூர் போகிறவர்கள் காட்பாடியில்தான் இறங்குவார்கள். நான் வேண்டுமென்றே வாலாஜா ரோட்டில் இறங்கினேன். 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து தொடங்கிய தென்னிந்தியாவின் முதல் ரயில் பாதைக்கு இதுதான் கடைசி ஸ்டேஷன். ஏறக்குறைய 100 கிலோமீட்டர். இன்றைக்கு அந்தப் பெருமை எதுவும் பிளாட்பாரத்தில் தெரியவில்லை. டீ மட்டும் நன்றாக இருந்தது.

இங்கே இறங்கியதற்குக் காரணம் கடிகாரம். இந்திய நேரம் என்று ஒன்று வருவதற்கு முன்னால் ஊருக்கு ஊர் நேரம் வேறு. பிறகு ரயில்வேக்காரர்கள் சென்னை வானாய்வகத்தின் நேரத்தை எடுத்துக்கொண்டு நாடு முழுக்க வண்டி ஓட்டினார்கள். சென்னை நேரம் கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் முன்னால். வாலாஜா சென்னைக்கு மேற்கே இருப்பதால் சூரியன் இங்கே உச்சிக்கு வர இன்னும் மூன்றரை நிமிடம் ஆகும். அதாவது ஸ்டேஷனுக்குள் ஒரு நேரம், வெளியே மாட்டுவண்டிக்காரர் தலைக்கு மேல் ஒரு நேரம். 1906-லிருந்து இந்திய நேரம் நடைமுறைக்கு வந்தபோது சென்னை நேரத்தில் ஓடிய கடிகாரங்களை ஏறக்குறைய 9 நிமிடம் முன்னே தள்ள வேண்டியிருந்தது. காகிதத்தில் பார்த்தால் 9 நிமிடம் காணாமலே போய்விட்டது. ஆனால் அதனால் யார் வீட்டுப் பாலும் திரியவில்லை, ஒரு காக்கை கூட திசை மாறவில்லை.

எனக்கு வேண்டியது அந்த மாதிரிப் பிளவு இல்லை. காக்கைக்கும் தெரிகிற பிளவு வேண்டும்.

ஷேர் ஆட்டோ, அப்புறம் பஸ். பாலாற்றுப் பாலத்தில் எட்டிப் பார்த்தேன். மணலுக்கு நடுவில் ஒரு வாய்க்கால் அளவுக்குத் தண்ணீர் ஓடியது. வேலூருக்கு அதுவே அதிகம்.

வெள்ளி, வேலூர்

அத்தை பையன் மைக் செட் வைத்திருக்கிறான். கோயில் திருவிழா, மஞ்சள் நீராட்டு, கட்சிக் கூட்டம், எதற்கும் போவான். என்னைவிட மூன்று வயது பெரியவன், எனக்கு மச்சான். பொங்கல் சீசன் முடிந்து ஆம்ப்ளிஃபயர்களைத் துடைத்துக்கொண்டிருந்தவனிடம் விஷயத்தைச் சொன்னேன். சிரிப்பான் என்று நினைத்தேன். "கோட்டையிலயே வெச்சிடேன் மாப்ள, எல்லாம் ரெடியா கீது" என்றான்.

காலையில் கோட்டைக்குப் போனோம். தண்ணீர் நிற்கிற அகழி, கருங்கல் மதில், உள்ளே கோயில், மசூதி, சர்ச், அலுவலகங்கள், காதலர்கள். பிளவு வைக்க ஆசை காட்டும் இடம்தான். 1806 ஜூலை 10 விடிவதற்குள் சிப்பாய்கள் கோட்டையைப் பிடித்து மைசூர்க் கொடியை ஏற்றினார்கள். ஆற்காட்டிலிருந்து ஆங்கிலேயத் தளபதி கில்லஸ்பி குதிரைப்படையோடு வந்து சேர்ந்ததும் அன்று காலையே எல்லாம் முடிந்துபோனது. சில மணி நேரம் கூடக் கிடைத்திருந்தால் என்று இங்கே நிற்கிற எவருக்கும் தோன்றும். எழுதினால் விற்கும் கூட. ஆனால் பிளவு கிடைத்தவுடன் சரித்திரத்தைத் திருத்தக் கிளம்பும் கதாநாயகன்மேல் எனக்குப் பெரிய மரியாதை கிடையாது. அவனுக்குப் பிளவைப் பற்றி ஒரு அக்கறையும் இல்லை. அது அவனுக்கு வெறும் வாசல்.

ஜலகண்டேசுவரர் கோயிலில் வேறு மாதிரி ஒரு யோசனை வந்தது. இந்தக் கருவறை மிக நீண்ட காலம் சாமியில்லாமல் கிடந்தது. லிங்கம் சத்துவாச்சாரியில் இருந்தது. 1981-ல்தான் திரும்பி வந்தது. அத்தை அப்போது கல்யாணமாகி வந்த புதிது. "எங்க தெருவுல யாருமே அன்னைக்கு அடுப்பு பத்த வைக்கல, எல்லாம் கோட்டையில" என்று இன்றும் சொல்வார். கருவறை வாசலில் ஒரு பிளவு இருந்து, அதன் வழியாக 1980-ஐப் பார்த்தால் வெறும் கல்தரையும் வௌவால் புழுக்கையும்தான் தெரியும். இந்தப் பக்கம் தீபாராதனை. யோசனை நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கற்பூர தட்டு எதிரே நிற்கிற கூட்டத்தில் பிளவை வைத்தால் அதை யாரும் நிதானமாகப் பார்க்க முடியாது. கல்யாண மண்டபத்து யாளிகளை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வெளியே வந்துவிட்டோம்.

மதியம் அத்தை வீட்டு மொட்டை மாடியில் மச்சான் ஒரு மைக் ஸ்டாண்டைச் செங்குத்தாக நிறுத்தினான். ரச மட்டம் வைத்துச் சரிபார்த்தான், தொழில்காரன் அல்லவா. நிழலின் நுனியில் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை சாக்பீஸால் ஒரு கோடு. பன்னிரண்டு மணிக்கு நிழல் இன்னும் குறைந்துகொண்டேதான் இருந்தது. பன்னிரண்டே காலுக்கும் குறைந்தது. 12:20-ஐத் தாண்டி ஒரு கட்டத்தில் கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்தன, அப்புறம் மறுபக்கம் நகர ஆரம்பித்தது. வேலூரின் உச்சிப்பொழுது கடிகாரத்தின் 12 மணிக்கு வருவதில்லை. இந்திய நேரம் கிழக்கே 82½ பாகைக் கோட்டுக்கானது. வேலூர் 79 பாகையைச் சற்றே தாண்டி இருக்கிறது. அதிலேயே பதின்மூன்றரை நிமிடம் போய்விடும். மீதி, பூமி சூரியனைச் சுற்றும் பாதை நீள்வட்டமாகவும் அதன் அச்சு சாய்ந்தும் இருப்பதால் வருவது. தை மாதத்தில் அது நமக்கு எதிராக வேலை செய்கிறது.

சாக்பீஸைக் கீழே வைத்துவிட்டு மச்சான் கேட்டான்: "நேத்து ராத்திரி இந்த ஸ்டாண்டு எங்க இருந்துச்சு மாப்ள?"

ஷெட்டில்தானே என்றேன்.

"அது இல்ல. பூமி சுத்துதுன்னு இப்பதான சொன்ன. நேத்து ராத்திரி பூமியே வேற எடத்துல இருந்திருக்கும்ல?"

இதை நான் ஏற்கெனவே கணக்குப் போட்டு வைத்திருந்தேன், ஆனால் இவ்வளவு சுருக்கமாக என்னால் கேட்டிருக்க முடியாது. பூமி சூரியனைச் சுற்றி விநாடிக்கு ஏறக்குறைய 30 கிலோமீட்டர் ஓடுகிறது. பன்னிரண்டு மணி நேரத்தில் 13 லட்சம் கிலோமீட்டர். நிலா இருக்கும் தூரத்தைப் போல மூன்று மடங்குக்கும் மேல். பிளவு வெறும் வெளியில் ஓரிடத்தில் நின்றால், அதன் மறுமுனை திறப்பது கும்மிருட்டான விண்வெளியில். காற்றெல்லாம் அங்கே ஓடிவிடும். ஆகவே முதல் விதி: பிளவு நிலத்தோடு ஒட்டியது, பாறை போகுமிடமெல்லாம் கூடவே போகும். அப்படியானால் பாறை உறுதியானதாக, பழையதாக இருக்கட்டும். இந்தப் பக்கத்து மலைகளின் அடிப்பாறை ஏறக்குறைய 250 கோடி ஆண்டு வயதுடையது. அதைவிட நம்பகமான ஆணி கிடைக்காது. கோட்டை ரத்து. ஜவ்வாது மலை.

சனி, காவலூர்

மச்சானின் வண்டியில் கிளம்பினோம். ஆம்பூரில் பிரியாணி. சீரகச் சம்பா, விறகடுப்பு, கத்திரிக்காய். இதைப் பற்றி எழுத ஆரம்பித்தால் பிளவு மறந்துபோகும். வாணியம்பாடி, ஆலங்காயம், அப்புறம் ஏற்றம். வளைவுகளில் காற்று குளிர ஆரம்பித்தது.

வழியில் மச்சான் இன்னொன்று கேட்டான். பிளவுக்குள் போனால் போனில் மேப் வேலை செய்யுமா? நான் முதலில் நினைத்ததற்கு நேர் எதிரான பதில்தான் சரியானது. போன் தன் இடத்தைச் செயற்கைக்கோள் கடிகாரங்களின் சிக்னலை வைத்துக் கண்டுபிடிக்கிறது. ஒரு மைக்ரோவிநாடி, அதாவது விநாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு, தவறினால் 300 மீட்டர் தவறும். ஆனால் போனின் சொந்தக் கடிகாரம் மட்டமானது என்பது செய்தவர்களுக்கே தெரியும். அதனால்தான் மூன்று செயற்கைக்கோளுக்குப் பதிலாக நாலு கேட்கிறது. நாலாவது, போன் கடிகாரம் எவ்வளவு பிசகு என்பதைக் கண்டுபிடித்துக் கழித்துவிட. போன் முழுசாகப் பிளவுக்குள் விழுந்தால் அங்கிருக்கிற நேரத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு, நீலப் புள்ளியைச் சரியான இடத்திலேயே காட்டும். வாசலில் நிற்கும்போதுதான் வம்பு. பாதி வானம் இன்றைக்கு, பாதி வானம் நேற்றைக்கு என்றால் கணக்கு ஒட்டவே ஒட்டாது. புள்ளி எங்கேயோ போகும், அல்லது காணாமல் போகும். கதையில் பிளவைக் கண்டுபிடிப்பவன் ஆடு மேய்ப்பவனா, பார்சல் கொண்டுவரும் பையனா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். இப்போது பார்சல் பையன்தான்.

காவலூர் வேணு பாப்பு வானாய்வகம் கடல்மட்டத்திலிருந்து 725 மீட்டர் உயரத்தில், காட்டுக்கு நடுவில் இருக்கிறது. சனிக்கிழமை பொதுமக்களை விடுகிறார்கள். பெரிய தொலைநோக்கியின் கண்ணாடி 2.34 மீட்டர் குறுக்களவு. 1986-ல் ராஜீவ் காந்தி திறந்து வைத்தார். வானியலாளர் பாப்பு 1982-லேயே இறந்துவிட்டதால் அவர் பெயரை வைத்தார்கள். எனக்கு அதைவிட ஒரு மீட்டர் தொலைநோக்கியின்மேல்தான் பிரியம். 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு விண்மீனை மறைக்கப் போகிறது என்று உலகத்தில் பல இடங்களில் காத்திருந்தார்கள். இங்கேயும். கோள் வந்து மறைப்பதற்கு முன்னாலேயே விண்மீன் சில விநாடி மங்கியது. யுரேனஸுக்கு வளையங்கள் உண்டு என்று அப்படித்தான் தெரியவந்தது. விமானத்திலிருந்து பார்த்த அமெரிக்கக் குழுவின் பெயரில்தான் அந்தக் கண்டுபிடிப்பு பதிவாகியிருக்கிறது, ஆனால் அந்த மங்கலைக் காவலூரும் பதிந்து வைத்திருந்தது. வெளிச்சம் எதிர்பாராத நேரத்தில் சில விநாடி குறைந்தால் கூட விடாமல் பிடிக்கிற ஆட்கள் குடியிருக்கும் மலை இது. என் பிளவுக்குச் சரியான அக்கம்பக்கம்.

இருட்டியதும் சிறிய தொலைநோக்கி வழியாக வானம் காட்டினார்கள். கார்த்திகை, திருவாதிரை, மிருகசீரிடத்துப் புகைமண்டலம். விண்மீனைப் பார்ப்பதே பழைய காலத்தைப் பார்ப்பதுதான் என்று எல்லோரும் சொல்லித் தேய்ந்துவிட்டது, நான் வேறு சொல்லவேண்டாம்.

அங்கே நின்றபோதுதான் எனக்கு உறைத்தது. பிளவு இந்த மலையில் இருந்தால் நள்ளிரவில் ஏதோ ஒரு பாறை இடுக்கிலிருந்து பட்டப்பகல் வெளிச்சம் பீறிட்டுக்கொண்டு வரும். ஊர்க்காரர்கள் பேய் என்பார்கள், பத்திரிகைக்காரர்கள் அதிசயம் என்பார்கள். அதற்கெல்லாம் முன்னால், வானம் பார்க்க விடாமல் எவனோ லைட் போட்டிருக்கிறான் என்று முதல் புகார் இந்த வளாகத்திலிருந்துதான் போகும்.

ஞாயிறு, ஜமுனாமரத்தூர்

இன்று முழுக்கக் காற்றைப் பற்றித்தான்.

என் போனில் காற்றழுத்தம் காட்டும் வசதி இருக்கிறது. காலை பத்து மணிக்கு ஒரு டீக்கடை பெஞ்சில் வைத்துப் பார்த்தேன். அதே பெஞ்சில் மாலை நாலு மணிக்கு மறுபடி. ஏறக்குறைய மூன்று மில்லிபார் குறைந்திருந்தது. புயல் எதுவும் இல்லை, வானம் பளிச்சென்றுதான் இருந்தது. நம்மைப் போன்ற வெப்ப நாடுகளில் தினமும் இப்படித்தான். கடலில் ஏற்ற இறக்கம் மாதிரி வளிமண்டலமும் நாளுக்கு இருமுறை ஏறி இறங்குகிறது. காலை பத்து, இரவு பத்து உச்சம். விடியற்காலை நாலு, மாலை நாலு பள்ளம். நிலாவைவிடச் சூரியனின் சூடுதான் இதற்கு முக்கியக் காரணம்.

மூன்று மில்லிபார் என்பது ஒன்றுமில்லை போலத்தான் தெரியும். ஆனால் பிளவின் இந்தப் பக்கம் காலை பத்து மணியும் அந்தப் பக்கம் மாலை நாலு மணியும் இருந்தால், அந்த மூன்று மில்லிபார் நேருக்கு நேர் மோதும். கணக்குப் போட்டால் மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்தில் காற்று வருகிறது. ஆறு மணி நேரப் பிளவு என்றால் தினமும் புயல். பன்னிரண்டு மணி நேரம் என்றால் உச்சத்துக்கு எதிரே உச்சம், பள்ளத்துக்கு எதிரே பள்ளம், பெரிய வித்தியாசம் இராது. நான் சும்மா வாய்க்கு வந்தபடி பன்னிரண்டு என்று வைத்திருந்தேன். அதிர்ஷ்டம்.

அழுத்தம் சமமானாலும் குளிர் சமமாகாது. மலையில் இந்த மாதத்தில் நள்ளிரவு 12 டிகிரி, மதியம் 30 டிகிரி என்று வைத்துக்கொண்டால் ராத்திரிக் காற்று ஆறு சதவீதம் கனம். ஆள் உயர வெடிப்பில் அது அடியில் வழியும், மதியக் காற்று மேலே நுழையும். விநாடிக்கு அரை மீட்டர் சுமார். நடந்து வருகிறவனுக்கு முகத்தில் ஒன்றும் தெரியாது, கணுக்காலில் மட்டும் மார்கழி ஏறும்.  இந்தக் காட்சி எனக்கு மிகவும் பிடித்துப்போனது. டீக்கடைப் பெஞ்சிலேயே ஒரு பக்கம் எழுதிவிட்டேன்.

மதியம் சாமைச் சோறு. மச்சான் பல வருடம் முன்பு இங்கே ஒரு திருவிழாவுக்குக் குழாய் கட்டியிருக்கிறான், அந்தப் பழக்கத்தில் ஒரு வீட்டில் கிடைத்தது. சாப்பிட்டுவிட்டு ஒரு பாறைமேல் படுத்துக்கொண்டு எழுதிய பக்கத்தை அவனுக்குப் படித்துக் காட்டினேன்.

"எல்லாம் சரி மாப்ள. ராத்திரிக் காத்து பகலுக்கு வந்துச்சுன்னா, பன்னண்டு மணி நேரம் கழிச்சு அதே காத்து அங்கேயே ராத்திரியாத்தான நிக்கும்? மறுபடியும் உள்ள பூரும்ல?"

பூரும்தான்.

"அப்ப ஊளை வுடும்."

மைக்கை ஸ்பீக்கருக்கு எதிரே காட்டினால் என்ன ஆகும் என்பது அவன் தொழில். ஸ்பீக்கரிலிருந்து வந்த சத்தம் மைக்குக்குள் போய், பெருகி, ஸ்பீக்கருக்கு வந்து, மறுபடி மைக்குக்குள். சாமி கும்பிடுகிற கூட்டமே காதைப் பொத்திக்கொள்ளும். என் பிளவு அதேதான், சத்தத்துக்குப் பதில் காற்றும் வெளிச்சமும் சுற்றும். இயற்பியலாளர் ஸ்டீபன் ஹாக்கிங் 1992-ல் எழுதியது ஏறக்குறைய இந்த ஊளையைப் பற்றித்தான். கடந்த காலத்துக்குப் போகிற பாதை ஒன்று உருவாகப் பார்த்தால், அதற்குள் சுற்றுகிற ஆற்றல் தன்மேல் தானே ஏறிப் பெருகி, பாதை திறப்பதற்குள் அதை நாசமாக்கிவிடும் என்பது அவர் ஊகம். இன்னொரு இயற்பியலாளர் கிப் தோர்ன், கூட்டாளிகளோடு 1988-ல் அண்டத் துளைகளை (வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும் குறுக்குவழிகள்) வைத்துக் காலப் பயணத்தை எழுதியவர், அந்தப் பெருக்கம் அவ்வளவு பலமாக இராது என்று முதலில் வாதிட்டுப் பார்த்தார். இன்னும் தீராத விவகாரம்.

இதை மச்சானிடம் சொன்னபோது அவன் ஹாக்கிங் பக்கமும் சாயவில்லை, தோர்ன் பக்கமும் சாயவில்லை. "சத்தம் ஒரு சுத்து சுத்தி வரும்போது கொறஞ்சு வந்தா ஊளை கெடையாது. கூடி வந்தாத்தான். உன் ஓட்டை எவ்ளோ பெருசுன்றதப் பொறுத்து கீது" என்றான். பிறகு கொட்டாவி விட்டுக்கொண்டே, "இல்லாட்டி ஒன்வே போட்டுடு" என்றான்.

ஒருவழிப் பாதை. பகலிலிருந்து வரப்போகிற ராத்திரிக்குப் போகலாம், திரும்ப முடியாது. நன்றாக யோசித்தால் இதில் முரண்பாடே இல்லை. மதியம் உள்ளே போட்ட கல் நள்ளிரவில் வெளியே விழும், அவ்வளவுதான். கடந்த காலத்துக்குப் போய்த் தன் தாத்தாவையே கொல்கிற பழைய புதிர் இங்கே வராது. சரித்திரம் பத்திரம். ஊளையும் இல்லை, ஏனென்றால் சுற்றே இல்லை.

படுத்திருந்தவன் எழுந்து உட்கார்ந்தேன். காற்று! சாதாரண வாசலில் உள்ளே போகிற காற்றும் வெளியே வருகிற காற்றும் ஒன்றையொன்று தடுத்துக்கொண்டு நிற்கின்றன. ஒரு பக்கம் மட்டும் போகலாம் என்றால், திருப்பித் தள்ள எதிரே ஒன்றும் கிடையாது. அந்த வாசல் காற்றுக்கு வெற்றிடம் மாதிரி. ஒலியின் வேகத்தில் உறிஞ்சும். ஒரு மீட்டர் அகலம், இரண்டு மீட்டர் உயரமுள்ள வெடிப்பு விநாடிக்கு 400 கன மீட்டருக்குக் குறையாமல் இழுக்கும். பார்சல் பையன், பைக், பக்கத்திலிருக்கிற பலாமரத்து இலை எல்லாம் உள்ளே. பன்னிரண்டு மணி நேரம் கழித்து அத்தனையும் அதே வேகத்தில் வெளியே. இருவழி என்றால் ஊளை, ஒருவழி என்றால் சூறாவளி.

திங்கள், இறங்கும் வழி

ராத்திரி முழுக்க ஓட்டையைச் சின்னதாக்கிக்கொண்டே வந்தேன். கோட்டைவாசல் அளவில் தொடங்கியது. ஆள் அளவு, கை அளவு, விரல் அளவு. கடைசியில் இரண்டு மில்லிமீட்டரில் நிறுத்திவிட்டேன். ஒருவழி, பன்னிரண்டு மணி நேரம், ஜவ்வாது மலைப் பாறையில் ஒரு துளை. விநாடிக்கு அரை லிட்டருக்குக் கொஞ்சம் மேலே காற்றை இழுக்கும். பாறையின் ஒரு முகத்தில் எப்போதும் உஸ்ஸென்று உள்ளே. மறுமுகத்தில் எப்போதும் உஸ்ஸென்று வெளியே. குளிர்ந்த ராத்திரியில் அந்த மறுமுகத்தில் முகம் வைத்தால் மதியத்துப் புழுதி வாசனை வரும். நள்ளிரவில் ஊசிபோல ஒரு வெயில் கீற்று. வானாய்வகத்துக்கு அது ஒரு தொந்தரவே இல்லை.

பார்சல் பையன் இனி உள்ளே விழ முடியாது, அவனுக்கு வேறு வேலை கொடுக்க வேண்டும். மேப் வம்பும் போயிற்று. இரண்டு மில்லிமீட்டரில் பாதி வானம் எப்படி வரும்? எழுதி வைத்த கணுக்கால் குளிர்ப் பக்கமும் போயிற்று, அதுதான் வயிற்றெரிச்சல். ஆனால் இந்தத் துளை நிற்கிறது. காற்றை வைத்துத் தட்டிப் பார்த்தேன், வெளிச்சத்தை வைத்துத் தட்டிப் பார்த்தேன், விழவில்லை.

ஆலங்காயத்தில் டீக்கு நிறுத்தியபோது மச்சானிடம் சொன்னேன். அவன் கிளாஸைக் கீழே வைத்துவிட்டு ஆள்காட்டி விரலைக் காட்டினான்.

"ரெண்டு மில்லியா? இதால அடைச்சிடலாமே."

அடைக்கலாம். ஆனால் உள்ளே வெற்றிடம் என்றால், ரத்தம் கட்டி, விரல் நுனிச் சதை துளைக்குள் கொஞ்சம் பிதுங்கும். பிதுங்கிய அந்தத் துளிச் சதை ராத்திரிக்குப் போய்விடும், திரும்பி வராது.

"அப்ப எம்-சீல் போடு" என்றான் மச்சான், வண்டியை உதைத்துக்கொண்டே.